கொங்கின் குன்றுகள் – 14: துறவியின் படுக்கை யாருக்குச் சொந்தம்?

சென்ற இதழில் நொய்யல் கரையில், கொடுமணலில் நின்றோம். மணிக்கற்களைப் பட்டை தீட்டியவர்களும் இரும்பை உருக்கியவர்களும் வாழ்ந்த ஊர் அது. அந்த நொய்யல் காவிரியில் கலந்த பிறகு, காவிரியின் தென்கரையோடு கிழக்கே வந்தால் கரூர் மாவட்டத்து வேலாயுதம்பாளையம் வரும். ஊரை ஒட்டி ஒற்றைக் குன்று ஒன்று நிற்கிறது. ஆறுநாட்டார் மலை என்பார்கள். முருகன் அடியார்கள் புகழிமலை என்பார்கள். கல்வெட்டு நூல்களில் புகளூர் என்று இருக்கும். மூன்றும் ஒரே இடம்தான். உச்சியில் பாலசுப்பிரமணிய சுவாமி கோயில். அருணகிரிநாதர் பாடிய தலம்.

மேலிருந்து பார்த்தால் வடக்கே காவிரி. கரும்பு, வாழை, வெற்றிலைக் கொடிக்கால் என்று கண்ணுக்கு எட்டிய தூரம் பச்சை. காகித ஆலையும் சர்க்கரை ஆலையும் வந்தது நேற்றுத்தான். ஆனால் ஆறும் பாறையும் வயலும் சேர்ந்த இந்தக் காட்சி, ஏறத்தாழ 1800 ஆண்டுகளுக்கு முன்பு இங்கே வந்து தங்கிய ஒரு முதியவர் பார்த்த காட்சியேதான். அவர் பெயர் நமக்குத் தெரியும். ஊர் தெரியும். அவர் படுத்த கல்லை வெட்டிக் கொடுத்தவர் யார் என்பதும் தெரியும். தமிழகத்தில் அந்தக் காலத்து எத்தனை பேரைப் பற்றி இவ்வளவு உறுதியாகச் சொல்ல முடியும்?

கோயிலுக்குப் போகும் கூட்டத்தில் பெரும்பாலோர் குகைப் பக்கம் திரும்புவதில்லை. குகை என்றால் குடைந்து எடுத்தது அல்ல. இயற்கையாகவே பாறை கவிந்து நிழல் தரும் இடம். தொல்லியலார் குகைத்தளம் என்பார்கள். உள்ளே தரைப் பாறையைச் சமப்படுத்தி, ஓர் ஆள் நீட்டிப் படுக்கிற அளவுக்குப் படுக்கைகள் வெட்டியிருக்கிறார்கள். தலை வைக்கும் பக்கத்தில் கல் சற்று மேடாக விடப்பட்டிருக்கிறது. அதுதான் தலையணை. இப்படிப்பட்ட இடங்களில் மேலே பாறையின் நெற்றியில் நீளமாக ஒரு காடி வெட்டுவதும் வழக்கம். மழைநீர் பாறையோடு வழிந்து உள்ளே வராமல் வெளியே சொட்டிவிடும். பாய் இல்லை, கதவு இல்லை, அடுப்பு இல்லை. ஒரு மனிதன் உயிரோடு இருக்க இதைவிடக் குறைவாக எதுவும் தேவைப்பட முடியாது என்னும் எல்லை வரை குறைத்துக் கட்டிய வீடு.

அங்கே தமிழ் பிராமி எழுத்தில் பொறித்திருப்பதன் செய்தி இது: யாற்றூரைச் சேர்ந்த மூத்த அமணத் (சமணத்) துறவி செங்காயபன் தங்குவதற்காக, கோ ஆதன் செல்லிரும்பொறையின் மகன் பெருங்கடுங்கோ, அவன் மகன் இளங்கடுங்கோ, இளவரசுப் பட்டம் பெற்றபோது வெட்டுவித்த கல். இதே செய்தி சிறிய வேறுபாட்டோடு இரண்டு இடங்களில் இருக்கிறது.

இந்தக் கல்வெட்டுகளை 1927-28-ஆம் ஆண்டிலேயே மத்திய அரசின் கல்வெட்டுத் துறையினர் படியெடுத்துவிட்டார்கள். ஆனால் அதில் இருப்பது ஓர் அரச மரபின் வரிசை என்பது புலப்பட மேலும் முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் ஆனது. ஆட்சிப் பணியில் இருந்துகொண்டே தமிழ் பிராமியை வாழ்நாள் வேலையாக எடுத்துக்கொண்ட ஐராவதம் மகாதேவன், 1965-இல் தம் வாசிப்பை வெளியிட்டார். தாத்தா, மகன், பேரன் என்று மூன்று தலைமுறைச் சேர மன்னர்கள் ஒரே வரியில் நிற்பதை அவர் காட்டினார். பதிற்றுப்பத்தில் கபிலர் பாடிய செல்வக்கடுங்கோ வாழியாதன், அரிசில்கிழார் பாடிய பெருஞ்சேரல் இரும்பொறை, பெருங்குன்றூர்கிழார் பாடிய இளஞ்சேரல் இரும்பொறை ஆகிய மூவரோடு இந்த வரிசையை வைத்துப் பார்த்தார். பெயருக்குப் பெயர் அப்படியே பொருந்துகிறதா என்பதில் அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. ஆனால் இரும்பொறை மரபினர் கற்பனை மனிதர்கள் அல்லர், கரூருக்குப் பக்கத்தில் கல் வெட்டும் அதிகாரத்தோடு இருந்தவர்கள் என்பதை இனி யாரும் மறுக்க முடியாது. சேரர் தலைநகரான வஞ்சி என்பது கரூர்தானா, மேற்குக் கடற்கரையில் ஓர் ஊரா என்று எத்தனையோ ஆண்டுகள் நடந்த வழக்கில், கரூர் பக்கத்துக்குக் கிடைத்த மிக வலிமையான சாட்சி இந்தக் குன்றுதான். அமராவதி ஆற்று மணலில் கிடைத்த சேரர் காசுகள் பின்னால் வந்து அந்தச் சாட்சியை இன்னும் உறுதிப்படுத்தின.

இங்கே என்னை நிறுத்தி வைக்கும் விஷயம் வேறு. பட்டம் கட்டிக்கொண்ட நாளில் ஓர் இளவரசன் என்ன செய்வான்? விருந்து வைப்பான், பாணருக்குப் பொன் கொடுப்பான், யானை கொடுப்பான். சங்க நூல்கள் அதையெல்லாம் நிறையவே சொல்கின்றன. இந்த இளங்கடுங்கோ அதையும் செய்திருக்கலாம். ஆனால் கல்லில் தன் பெயரோடு நிற்க அவன் தேர்ந்தெடுத்த செயல், எதையும் வைத்துக்கொள்ளக் கூடாது என்று நோன்பு ஏற்ற ஒரு முதியவருக்குப் படுக்கை வெட்டிக் கொடுத்தது. நாட்டை ஆளப் புறப்படுகிறவன், ஒன்றும் வேண்டாம் என்றவரின் காலடியில் போய் நிற்கிறான்.

அவன் மட்டும் அல்ல. அதே குன்றில் கருவூர்ப் பொன் வாணிகன் நத்தி என்பவரும் ஒரு படுக்கை செய்து கொடுத்திருக்கிறார். நல்லியூரைச் சேர்ந்த ஒரு குடும்பத்துப் பிள்ளைகளின் பெயர்களும் உள்ளன. ஆக, இந்தக் குன்றுக்கு அரசன் ஒருவன் மட்டும் புரவலன் இல்லை. கரூர்க் கடைத்தெருவும் சேர்ந்துதான் இதைத் தாங்கியது.

துறவிகள் ஏன் இங்கே வந்தார்கள்? காடு தேடிப் போகிறவர்கள் வணிகப் பாதையோரம் ஏன் குடியேற வேண்டும்? அமணத் துறவிகளுக்கு ஓரிடத்தில் தங்கக் கூடாது என்பது விதி. நடந்துகொண்டே இருக்க வேண்டும். ஆனால் மழைக்காலத்து நான்கு மாதம் மட்டும் நடக்கக் கூடாது. ஈர மண்ணில் முளைக்கும் புல்லும் பூச்சியும் காலடியில் சாகும் என்பதுதான் காரணம். அந்த நான்கு மாதம் ஒரு கூரை வேண்டும். உணவைப் பிச்சையாகப் பெற, நடந்து எட்டும் தூரத்தில் ஊர் வேண்டும். பாலக்காட்டுக் கணவாய் வழியாகக் கடற்கரையிலிருந்து வந்த பாதை பேரூர், வெள்ளலூர், கொடுமணல் என்று கொங்கைக் குறுக்கே கடந்து கரூரில் வந்து சேர்ந்தது. வெள்ளலூரில் 1842-இல் ஒரே இடத்தில் 500-க்கும் மேற்பட்ட ரோமானிய வெள்ளிக் காசுகள் கிடைத்தன என்றால் அந்தப் பாதையின் செழிப்பை எண்ணிப் பாருங்கள். வணிகரோடு வணிகராகத் துறவிகளும் அந்த வழியில் நடந்தார்கள். பாதைக்கு அருகே குன்று இருந்தால், குன்றில் நிழல் இருந்தால், அது அவர்கள் இடம்.

ஈரோடு மாவட்டம் அறச்சலூரில் நாகமலை மேல் இன்னொரு குகைத்தளம் உண்டு. 1961-இல் புலவர் செ. இராசு கண்டுபிடித்தார். கொங்கு வரலாற்றுக்காகக் கால் தேய நடந்த அந்தப் பெருமகனார் 2023-இல் மறைந்தார். அறச்சலூர்க் கல்லில் 'த', 'தை' போன்ற எழுத்துகள் ஐந்துக்கு ஐந்து கட்டமாக, எந்தப் பக்கமிருந்து படித்தாலும் ஒரு தாள ஒழுங்கு வருமாறு அமைக்கப்பட்டுள்ளன. ஆடலுக்கோ இசைக்கோ உரிய குறிப்பு என்பது அறிஞர் முடிவு. அந்த வகையில் இந்தியாவிலேயே மிகப் பழைய பொறிப்புகளில் ஒன்று. அந்த எழுத்துகளை அமைத்தவர் தேவன் சாத்தன் என்பவர். தொழில் மணிய வண்ணக்கன், அதாவது மணிக்கற்களின் தரம் பார்க்கிறவர். கொடுமணலும் படியூர் மணிக்கல் சுரங்கமும் அக்கம் பக்கத்தில் இருக்கும்போது அந்தத் தொழிலுக்கு இங்கே என்ன குறை? பகலெல்லாம் கல்லின் விலை பார்த்தவர், துறவிகள் தங்கும் குன்றுக்கு ஏறி, விலை சொல்ல முடியாத ஒன்றைக் கல்லில் விட்டுப் போனார்.

குகையில் இருக்கும் துறவி இன்னொரு நாட்டில் எப்படி ஒருவரின் உடைமையானார் என்று பார்க்க, இந்த இடத்தில் சற்றுத் தூரம் போய் வரலாம். பதினாறாம் நூற்றாண்டின் கடைசியில் இத்தாலியின் மிலான் நகரில் ஃபெடரிகோ பொரோமியோ என்ற கர்தினால் இருந்தார். 1595-இல் அந்நகரின் பேராயர் ஆனவர். ஃபிளாண்டர்ஸ் நாட்டு ஆண்ட்வெர்ப்பைச் சேர்ந்த ஓவியர் யான் புரூகல் அவர் ஆதரவில் சில காலம் இருந்தார். அவரையும் பால் பிரில் என்ற இன்னொரு ஃபிளெமிஷ் ஓவியரையும் கொண்டு, காட்டிலும் குகையிலும் தவம் செய்யும் கிறித்தவத் துறவிகளைப் பொரோமியோ வரைவித்தார். பல படங்கள் கையகலச் செப்புத் தகட்டில் வரைந்தவை. அவற்றில் துறவி மிகச் சிறியவராக ஒரு மூலையில் இருப்பார். மரமும் அருவியும் பாறையும்தான் பெரிதாகத் தெரியும். ஆண்ட்வெர்ப் ஓவியர் மார்ட்டன் தெ வோஸ் வரைந்து சாதலர் உடன்பிறப்புகள் செதுக்கி அச்சிட்ட துறவியர் படத் தொகுதிகள் அந்தக் காலத்தில் ஐரோப்பா முழுவதும் பரவியிருந்தன. இந்த ஓவியங்கள் பலவற்றுக்கு மூலம் அவைதான்.

நகரத்தின் நெருக்கடியில் இருந்த பொரோமியோ, வெளியே போக முடியாத நேரத்தில் பார்த்து மனம் ஒடுங்க அந்தப் படங்களைத் தம் அறையில் வைத்திருந்தார். 1618-இல் தம் ஓவியங்களைத் தாம் நிறுவிய அம்புரோசியானா நிறுவனத்துக்கு எழுதிக் கொடுத்தார். 1796-இல் நெப்போலியன் படை மிலானுக்குள் வந்து அம்புரோசியானாவின் செல்வங்களைப் பாரிசுக்கு அள்ளிப் போனது. அதே புரூகல் பொரோமியோவுக்காக வரைந்த நம் ஐம்பூதம் போல ஐரோப்பியர் எண்ணிய நான்கு பூதங்களின் ஓவியங்களும் அதில் போயின. நெப்போலியன் வீழ்ந்த பிறகு நெருப்பும் நீரும் மிலானுக்குத் திரும்பின. நிலமும் காற்றும் இன்றுவரை பாரிசின் லூவ்ரு அருங்காட்சியகத்தில்தான். ஓர் ஓவியத்தைச் சுவரிலிருந்து கழற்றலாம், வண்டியில் ஏற்றலாம், விற்கலாம், கைப்பற்றலாம். அதனால்தான் ஐரோப்பாவில் ஒவ்வோர் ஓவியத்துக்கும் யாரிடமிருந்து யாருக்கு வந்தது என்று ஒரு கைமாற்றுப் பட்டியல் வைத்துக் காக்கிறார்கள்.

நம் குன்றுக்கும் அப்படி ஒரு பட்டியல் போட முடியும், போட வேண்டும் என்பது என் எண்ணம். ஆறுநாட்டார் மலை ஒரு துறவியும் நிலக்காட்சியும் சேர்ந்தது. சட்டம் போட்டு மாட்ட முடியாதது. ஆனால் கைமாறாமல் இல்லை.

முதல் உரிமை யாருடையது? வெட்டியவன் இளவரசன். ஆனால் கல்வெட்டு அதை அவன் உடைமை என்று சொல்லவில்லை. செங்காயபன் உறைவதற்கு என்றுதான் சொல்கிறது. செங்காயபனோ உடைமை கூடாது என்ற நோன்புக்காரர். கொடுத்தவனும் வைத்துக்கொள்ளவில்லை, பெற்றவரும் சொந்தம் கொண்டாட முடியாது. அவருக்குப் பின் வாரிசு இல்லை. அடுத்த மழைக்காலத்துக்கு நடந்து வருகிற இன்னொரு துறவிதான் வாரிசு. யாருக்கும் சொந்தமில்லாததால்தான் இந்த இடங்கள் சண்டை இல்லாமல் சமயத்திலிருந்து சமயத்துக்குப் போயிருக்கின்றன என்று நான் நம்புகிறேன்.

இதற்குச் சிறந்த சான்று பழனிக்கு மேற்கே, பாப்பம்பட்டிக்கு அருகில் இருக்கும் ஐவர்மலை. பழைய பெயர் அயிரை. அங்கே நீண்ட பாறை நிழலின் நெற்றியில் அமணத் தீர்த்தங்கரர் உருவங்கள் வரிசையாகச் செதுக்கப்பட்டிருக்கின்றன. செய்வித்தவர்களின் பெயர்கள் கீழே வட்டெழுத்தில் உள்ளன. மதுரையைச் சுற்றியுள்ள பல குன்றுகளில் காணும் அச்சணந்தி என்ற அமணத் துறவியின் பெயர் இங்கேயும் இருக்கிறது. அந்தக் கல்வெட்டுகளில் ஒன்றுதான் பாண்டியர் வரலாற்றுக்கே அச்சாணி. வரகுண பாண்டியனின் எட்டாம் ஆட்சியாண்டும் சக ஆண்டு 792-உம் அதில் சேர்ந்து வருகின்றன. சக ஆண்டு 792 என்றால் கி.பி. 870. ஆகவே இரண்டாம் வரகுணன் அரியணை ஏறியது கி.பி. 862. இந்த ஒரு கணக்கைப் பிடித்துக்கொண்டுதான் அவனுக்கு முன்னும் பின்னும் ஆண்ட பாண்டியர்களின் ஆண்டுகளை வரலாற்றாசிரியர்கள் நிறுத்துகிறார்கள்.

அந்தக் கல்வெட்டு எதற்காக எழுதப்பட்டது? போர் வெற்றிக்காக இல்லை. குணவீரக் குரவடிகளின் மாணாக்கர் சாந்திவீரக் குரவர் என்பவர் திருவயிரை மலையில் பார்சுவநாதர் உருவத்தையும் இயக்கியர் உருவங்களையும் புதுப்பித்தார். அவற்றுக்குத் தடையில்லாமல் படையலும், ஒரே ஒரு துறவிக்குச் சோறும் நடக்க 505 காணம் பொன் வைத்தார். இதுதான் செய்தி. புதுப்பித்தார் என்றால் அதற்கு முன்பே அங்கே இருந்தது என்று பொருள். பழையதைத் தள்ளிவிட்டுப் புதிது வைக்கவில்லை; இருந்ததைச் செப்பனிட்டார். ஒரு துறவியின் ஒருவேளைச் சோற்றுக்காக எழுதிய கணக்கு ஒரு பேரரசின் காலக்கணக்கைக் காத்துக் கொடுத்திருக்கிறது.

இன்று ஐவர்மலைக்கு ஏறுகிறவர்களிடம் கேளுங்கள். பாண்டவர் ஐவரும் வனவாசத்தில் தங்கிய மலை என்பார்கள். திரௌபதி அம்மனை வணங்குகிறார்கள். ஆடி அமாவாசைக்கு முன்னோருக்குத் தர்ப்பணம் கொடுக்கக் கூட்டம் வருகிறது. பாறையில் நிற்கும் தீர்த்தங்கரர்களை யாரும் பெயர்த்து எறியவில்லை. அவர்கள் அங்கேயே நிற்க, புதிய கதையும் புதிய தெய்வமும் பக்கத்தில் வந்து அமர்ந்தன. உடுமலை திருமூர்த்தி மலையில் கோயில் கொண்டிருப்பவர் அமணலிங்கேஸ்வரர். அத்திரி முனிவரும் அனுசூயையும் தவம் செய்த ஆசிரமத்துக்கு மும்மூர்த்திகள் வந்தார்கள் என்பது தலக்கதை. அங்குள்ள பாறைச் சிற்பத்தில் அமணத் தடயத்தைக் காணும் ஆய்வாளர்களும் உண்டு. எந்தக் கதையை எடுத்தாலும் நடுவில் இருப்பது ஒரு துறவியும் ஓர் அருவியும் ஒரு பாறையும்தான்.

ஆறுநாட்டார் மலையில் நடந்ததும் அதுவே. அமணர் போனார்கள், முருகன் வந்தார். மருதமலையில் பாம்பாட்டிச் சித்தர் குகை, ஊதியூரில் கொங்கணர், பழனியில் போகர் என்று குன்றுக்கு ஒரு துறவியை வைத்து வணங்குவது கொங்கு மக்களின் மனத்தில் இன்றும் மாறவில்லை. சமயத்தின் பெயர் மாறினாலும் குன்றில் ஒருவர் தவமிருக்கிறார், அவருக்குச் சோறும் நீரும் கொடுப்பது நம் கடமை என்ற எண்ணம் மாறவில்லை. சேரர் காலத்துப் பொன் வாணிகர் செய்ததைத்தான் இன்று மலையடிவாரத்தில் அன்னதானத்துக்கு அரிசி மூட்டை இறக்குகிறவர்களும் செய்கிறார்கள்.

எல்லா மலையிலும் இப்படி அமைதியாகவே கைமாறியது என்று நான் சொல்ல வரவில்லை. சமயப் பூசல்கள் தமிழகத்தில் இருந்தன. இலக்கியம் அதை மறைக்கவில்லை. ஆனால் இந்தக் கொங்குக் குன்றுகளில் எழுத்தை யாரும் கொத்தி அழிக்கவில்லை. கல்லே சாட்சி. எழுத்துப் படிக்கத் தெரியாத காலம் ஆயிரம் ஆண்டுக்கு மேல் நடந்தது. அந்தக் கீறல்கள் என்ன சொல்கின்றன என்று யாருக்கும் தெரியாது. தெரியாமலேயே விட்டுவைத்தார்கள்.

பட்டியலில் கடைசிப் பெயர் நம்முடையது. கோயில் ஒரு துறையின் நிர்வாகத்தில், குகைத்தளம் இன்னொரு துறையின் காப்பில் என்பது ஏட்டு நிலவரம். உண்மையில் அந்தக் கல்லின் அருகே நாள்தோறும் போய் நிற்பவர்கள் நாம்தான். படிக்கத் தெரியாத பாட்டன்மார் தொடாமல் வைத்துக் கொடுத்ததை, பள்ளியும் கல்லூரியும் போய் வந்த நாம் கீறுகிறோம். கொங்குக் குன்றுகளில் பல குகைத்தளங்களில் பெயின்ட்டில் எழுதிய காதலர் பெயர்களையும், கட்சிச் சின்னங்களையும், உடைந்த பாட்டில்களையும் பார்த்துவிட்டு இறங்கும்போது நெஞ்சு கனக்கிறது. பெயின்ட் படிந்த எழுத்தைச் சுரண்டி எடுத்தால் அடியிலுள்ள பொறிப்பும் போய்விடும். இந்தக் கீறல்களின் ஆழம் அவ்வளவுதான். குன்றையே கல்லுக்காக உடைத்துவிட்டால் பேச்சே இல்லை. ஓவியம் திருடு போனால் என்றாவது ஓர் ஏலத்தில் தலை காட்டும். ஜல்லியாகப் போன கல்வெட்டு திரும்பி வராது.

ஆகவே வாசகர்களிடம் ஒன்று கேட்கிறேன். தைப்பூசத்துக்கோ கிருத்திகைக்கோ புகழிமலை ஏறினால், சாமி கும்பிட்டுவிட்டுக் குகைத்தளம் எந்தப் பக்கம் என்று கேட்டுப் போய்ப் பாருங்கள். பிள்ளைகளைக் கூட்டிப் போங்கள். செங்காயபன் என்ற பெயரை அவர்களுக்குச் சொல்லுங்கள்; பொன் வாணிகன் நத்தியின் பெயரையும் சொல்லுங்கள். கல்லின் மேல் ஏறாதீர்கள், மாவு தடவி எழுத்தைத் தெளிவாக்கப் பார்க்காதீர்கள், தண்ணீர் ஊற்றாதீர்கள். வெயில் சாய்வாக விழும் காலையிலோ மாலையிலோ போனால் எழுத்து தானே தெரியும். யாராவது பெயர் கீறுவதைக் கண்டால் தடுத்துச் சொல்லுங்கள். உங்கள் ஊர்க் குன்றில் வழவழப்பாக வெட்டிய படுக்கையோ பழைய எழுத்தோ தென்பட்டால், தொடாமல் ஒரு படம் எடுத்து உங்கள் மாவட்ட அருங்காட்சியகத்துக்கோ தொல்லியல் அலுவலகத்துக்கோ அனுப்பிவையுங்கள். அறச்சலூர் வெளியே தெரிந்தது, ஊரைச் சுற்றி நடந்த ஒரு புலவரால்தான்.

அடுத்த இதழில் விசயமங்கலம். சிரவணபெளகொளாவில் கோமடேசுவரரை நிறுவிய சாமுண்டராயரின் தங்கை புள்ளப்பை, அங்கே நோன்பிருந்து உயிர் நீத்ததைச் சொல்லும் தூணைப் பார்ப்போம்.

(தொடரும்)